ஹக்கீமுக்கு வந்த மஞ்சள் காமாலை

ஷேக் தாவூது ஹக்கீமுக்கு ஐம்பத்தெட்டு வயது வரைக்கும் மஞ்சள் காமாலை வந்ததில்லை. வந்தது 1958 ஜனவரியில், ஒரு வெள்ளிக்கிழமை பகல் பன்னிரண்டு மணிக்கு, திருச்சியில் ஒரு முன்சீப் கோர்ட்டு வராந்தாவில், டைப் அடித்த காகிதத்தில். வந்த விஷயம் அவருக்கே பத்து நாள் கழித்துத்தான் தெரிந்தது.

வேறு யாருக்காவது வந்திருந்தால் பரவாயில்லை. ஹக்கீம் காமாலைக்கு மருந்து கொடுக்கிறவர். மலைக்கோட்டைக்குக் கீழே, ஜவுளிக் கடைகளுக்குப் பின்னால் அவர் வீடு. விடிகிற நேரத்தில் வெறும் வயிற்றோடு வரிசையில் நிற்க வேண்டும். அவர் நெல்லிக்காய் அளவு பச்சை உருண்டை ஒன்றை எடுத்து, பிஸ்மி சொல்லி வாயில் போடுவார். மருங்காபுரி, மணப்பாறையிலிருந்தெல்லாம் ஆட்கள் வருவார்கள். உருண்டையில் இருப்பது கீழாநெல்லி என்பது ஊருக்கே தெரியும். அதோடு இன்னொன்றும் உண்டு, அதை அத்தா மௌத்தாகும் தறுவாயில் தன் காதில் மட்டும் சொன்னார் என்பார் ஹக்கீம். காதில் சொன்னதும் கீழாநெல்லிதான் என்று சொல்கிறவர்கள் இருந்தார்கள். இந்த வியாதி மூன்று வாரத்தில் தானாகவே இறங்கிவிடும் என்று சொல்லிக்கொண்டிருந்த ஒரு இங்கிலீஷ் டாக்டர், தனக்கு வந்தபோது சத்தமில்லாமல் வரிசையில் வந்து நின்றார்.

அந்த வீட்டுக்குப் போக இருந்த ஒரே வழி, வீரமலையின் மொத்த ஜவுளிக் கடையை ஒட்டிப் போகும் சந்து. ஐந்தடி அகலம். ஒரு நோயாளியும் அவரைத் தாங்கிப் பிடிக்கிறவரும் சேர்ந்து நடக்கலாம். 1957 ஆடியில் வீரமலை கோர்ட்டுக்குப் போனார். சந்து தனக்கே சொந்தம், அதில் கேட் போட்டுப் பூட்டி ஜவுளி பேல்களை அடுக்க வேண்டும், ஹக்கீம் தடுக்கக் கூடாது என்று கேட்டார். அவர் பிராதில் நாலாவது பாரா முக்கியமானது. அந்தச் சந்தில் தன் ஆட்களைத் தவிர வேறு மனுஷர் யாரும் இதுவரை கால் வைத்ததே இல்லை என்றும், ஹக்கீமுக்குப் பின்பக்கம் தாராளமான வழி இருக்கிறது என்றும் அதில் சொல்லியிருந்தார். பின்பக்கம் இருந்தது சாக்கடை. அதைத் தாண்டத் தெரிந்தவனுக்கு வைத்தியம் தேவைப்படாது.

ஹக்கீம் சம்மனை எடுத்துக்கொண்டு வகுளபூஷணம் ஐயங்காரிடம் போனார். ஐயங்கார் ஸ்ரீரங்கம் உத்திர வீதி. காவிரிப் பாலத்தைத் தாண்டி டவுன் பஸ்ஸில் கோர்ட்டுக்கு வருவார். பஸ்ஸில் அவர் உட்கார்ந்திருக்கிற தோரணையைப் பார்த்து கண்டக்டர்கள் டிக்கெட் கேட்கக் கூசுவார்கள்.

"வக்கீலய்யா, முதல் வாய்தா இருபத்தொண்ணாந் தேதி. பதிலை அன்னிக்கே போட்டுடலாங்களா?"

"ஓய் ஹக்கீம், முதல் வாய்தாவிலேயே பதில் போடறவன், இலை போடறதுக்கு முந்தியே பந்தியில போய் உக்கார்றவன். எதிராளி என்ன நினைப்பான்? பயந்துட்டான்னு நினைப்பான்."

ஹக்கீம் பயந்துதான் இருந்தார்.

பதில் வாக்குமூலம் எழுதப் பெரிய வேலை ஒன்றும் இல்லை. ஐயங்காரின் குமாஸ்தா பிச்சமுத்து ஹக்கீமிடம் நாலு கேள்வி கேட்டு, அரை மணி நேரத்தில் மூன்று பக்கம் டைப் அடித்து மேஜையில் வைத்துவிட்டான். சந்து பொது வழி, என் அத்தா காலத்திலிருந்து நோயாளிகள் அதில்தான் வருகிறார்கள். இவ்வளவுதான் விஷயம். ஐயங்கார் அதற்கு மெருகு கொடுக்க எடுத்துவைத்தார். ஆவணியில் 'மறுக்கிறார்' என்று இருந்ததை இங்கிலீஷில் 'முற்றிலும் மறுக்கிறார்' என்று மாற்றினார். புரட்டாசியில் அது 'அடியோடு மறுக்கிறார்' ஆயிற்று. ஐப்பசியில் தீபாவளி வந்தது. கார்த்திகையில் மழை. ஒவ்வொரு வாய்தாவுக்கும் அவர் எழுந்து, "பதில் தயாராகிக்கொண்டிருக்கிறது" என்பார். பெரிய கட்டடம் ஏதோ எழும்பிக்கொண்டிருப்பதுபோல் இருக்கும் கேட்பவருக்கு.

ஐந்தாவது வாய்தா மார்கழியில் வந்தது. அன்று வழக்கைக் கூப்பிட்டபோது ஐயங்கார் வக்கீல்கள் அறையில் கோயில் அக்காரவடிசிலை இலைத் துண்டுகளில் விநியோகம் செய்துகொண்டிருந்தார். ஹக்கீம் வெளியே வேப்பமரத்தடியில் நின்றார். வக்கீல் இருக்கும்போது கட்சிக்காரன் உள்ளே வந்து நிற்பது வக்கீலுக்கு மரியாதை இல்லை என்று அவருக்கு உத்தரவு. டவாலிச் சேவகன் மூன்று தடவை அவர் பேரைக் கூப்பிட்டது காதில் விழுந்தது. 'ஐயா உள்ளே இருக்காரே' என்று நின்ற இடத்திலேயே நின்றார்.

எக்ஸ்பார்ட்டி. பிரதிவாதி வரவில்லை, பதிலும் போடவில்லை, ஆகவே வாதி கேட்டதெல்லாம் கேட்டபடி.

மறுநாள் காலை வரிசையில் நின்றவர்களை விலக்கிவிட்டு, வீரமலை ஒரு கொல்லனோடு வந்து கேட்டுக்கு அளவெடுத்தார்.

"இதுக்கெல்லாம் கலங்கலாமா?" என்றார் ஐயங்கார். "தாமதத்துக்குக் காரணம் சொல்லி ஒரு மனு, அது நிஜம்னு சத்தியம் பண்ணி ஒரு அபிடவிட்டு. தீர்ப்பை ரத்துப் பண்ணிட்டு பதிலை வாங்கிண்டுடுவா. பிச்சமுத்து!"

பிச்சமுத்துவிடம் ஒரு தகரப் பெட்டி இருந்தது. பதில் தாமதமானதற்கான காரணங்கள் அதில் அடித்துத் தயாராக இருந்தன. பேரையும் தேதியையும் நிரப்பினால் போதும். டைஃபாய்டு ஒன்று. நெருங்கிய உறவினர் மரணம் ஒன்று. அதில் ஒரு கட்சிக்காரருடைய பெரியப்பா மூன்று தடவை இறந்திருந்தார். அதிகம் செலவானது மஞ்சள் காமாலை. ஹக்கீம் வந்த அன்று பிச்சமுத்துவுக்கு வேறு நாலு மனு பாக்கி. கை போனபடி ஒன்றை எடுத்து, பேரை நிரப்பினான்.

"பாய், இங்க ஒண்ணு, இங்க ஒண்ணு."

"என்ன எழுதியிருக்கு தம்பி?"

"தாமதமானதுக்குக் காரணம் எழுதியிருக்குங்க."

ஜும்ஆவுக்கு நேரமாகிவிட்டது. ஹக்கீம் இரண்டு இடத்திலும் கையெழுத்துப் போட்டுவிட்டுப் பள்ளிவாசலுக்கு ஓடினார். 'மேற்கண்டதைத் தமிழில் படித்துக் காட்டினேன், புரிந்துகொண்டு உண்மையென ஒப்புக்கொண்டார்' என்று அடியில் இன்னொரு வக்கீல் கையெழுத்திட்டிருந்தார். அவர் அந்த நேரம் காபி கிளப்பில் இருந்தார். வெற்றுத் தாளில் மாதத்துக்கு ஒரு கட்டு கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிடுவது அவர் வழக்கம்.

மனுவின் நகல் வீரமலையின் வக்கீல் அமிர்தசாமிக்குப் போயிற்று. அமிர்தசாமி அதைத் தமிழில் சொல்லச் சொல்ல, வீரமலை நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். புரட்டாசி முதல் மார்கழி வரை கடும் மஞ்சள் காமாலையால் படுத்த படுக்கையாக இருந்து நாட்டு வைத்தியம் செய்துகொண்டேன் என்று ஷேக் தாவூது சத்தியம் செய்திருந்தார். கடைக்குத் துணி எடுக்க வந்தவர்களுக்கெல்லாம் அன்று துணியோடு இதுவும் கிடைத்தது. சாயங்காலத்துக்குள் காந்தி மார்க்கெட் போயிற்று. மறுநாள் பாலம் தாண்டி ஸ்ரீரங்கம் போயிற்று.

தினமும் அறுபது பேர் நின்ற வரிசையில் பதினொரு பேர் நின்றார்கள். அதில் ஒருவர் வாயைத் திறப்பதற்கு முன்னால், "கோவிச்சுக்காதீங்க, உங்க கண்ணைக் கொஞ்சம் பாத்துக்கலாமா?" என்று கேட்டார். கேட்டதோடு நிற்காமல் ஹக்கீமின் கீழிமையை இழுத்தும் பார்த்தார்.

வீட்டுக்குள் ரஷீதா காத்திருந்தாள்.

"நாலு மாசமா காமாலைன்னு எங்கிட்டகூடச் சொல்லலையே? தெரியாம கோழிக் குருமாவா ஆக்கிப் போட்டுக்கிட்டு இருந்தேனே?"

"எனக்கு வரலைம்மா!"

"வரலைன்னா கையெழுத்து யாரு போட்டது?"

"நான்தான்."

"தவ்பா, தவ்பா! ஜும்ஆவுக்குப் போற வழியில பொய்ச் சத்தியமா பண்ணிட்டுப் போனீங்க?"

ஹக்கீம் அந்த ஞாயிற்றுக்கிழமையே ஸ்ரீரங்கத்துக்கு பஸ் ஏறினார். ஐயங்கார் வீட்டு ஆபீஸ் அறையில் பிச்சமுத்துவும் இருந்தான்.

"ஏன்யா தம்பி, வேற வியாதியே கிடைக்கலையா உனக்கு?"

"டைஃபாய்டுன்னா டாக்டர் சர்டிபிகேட் கேப்பாங்க பாய். காமாலைன்னா நாட்டு மருந்து, யாரும் கேக்க மாட்டாங்க. திருச்சியில காமாலைன்னா எல்லாரும் நேரா..." என்று ஆரம்பித்த பிச்சமுத்து, எல்லாரும் நேராக யாரிடம் போவார்கள் என்பது ஞாபகம் வந்து அப்படியே நின்றான். அவனுக்கே இரண்டு வருஷம் முன்னால் வந்து, அங்கேதான் போயிருந்தான்.

ஐயங்கார் அசரவில்லை. "காமாலை கௌரவமான வியாதி, ஓய். ஒரு ஜமீன்தாருக்குக் குடுத்திருக்கேன். ரெண்டு பஞ்சாயத்து போர்டு பிரசிடெண்டுக்குக் குடுத்திருக்கேன். ஒருத்தரும் வேண்டாம்னு திருப்பித் தரலை."

"எனக்கு வேண்டாம் வக்கீலய்யா. எடுத்துடுங்க."

"எடுத்தா பொய்ச் சத்தியம்னு ஆயிடும்."

"விட்டா?"

"விட்டா அபிடவிட்டு."

ஹக்கீம் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார்.

"உமக்குச் சந்து வேணுமா, பேர் வேணுமா? அதைச் சொல்லும்" என்றார் ஐயங்கார், வள்ளல் மாதிரி.

"பேர் போயிட்டா அந்தச் சந்துல யாருங்க வருவாங்க? சந்து போயிட்டா பேரை வெச்சுக்கிட்டு நான் எங்கே உக்கார்றது?"

ஐயங்கார் அலமாரியில் இருந்த தீர்ப்புப் புத்தகங்களை ஒரு தடவை பார்த்தார். மோர் கொடுத்து அனுப்பிவைத்தார்.

மாசியில் மனு விசாரணைக்கு வந்தது. இந்தத் தடவை ஹக்கீம் வேப்பமரத்தடியில் நிற்கவில்லை. உள்ளே வந்து முதல் பெஞ்சில் உட்கார்ந்தார். கேட்டால் உண்மையைச் சொல்லிவிடுவது, சந்து போனால் போகட்டும் என்று காலையில் தொழுகையிலேயே முடிவு செய்திருந்தார். எதிர்ப் பெஞ்சில் வீரமலை பட்டு அங்கவஸ்திரத்தோடு, கல்யாணத்துக்கு வந்தவர்போல் இருந்தார்.

முன்சீப் நிமிர்ந்து பார்க்காமல் எழுதிக்கொண்டே விசாரிக்கிறவர்.

"நாட்டு வைத்தியம் என்று இருக்கிறதே, யாரிடம்?"

"திருச்சியிலேயே பிரசித்தி பெற்ற ஒரு ஹக்கீமிடம், யுவர் ஆனர்" என்றார் வகுளபூஷணம் ஐயங்கார்.

"பேர்?"

ஐயங்கார் பிச்சமுத்துவைப் பார்த்தார். பிச்சமுத்து மின்விசிறியைப் பார்த்தான். பின் பெஞ்சில் யாரோ சிரிப்பை இருமலாக மாற்றினார்கள்.

அமிர்தசாமி, வீரமலை சத்தியம் செய்து கொடுத்த எதிர்மனுவோடு, கவுனை உதறிக்கொண்டு எழுந்தார். தொண்டை பெரிய கோயில் மணி மாதிரி. அந்த எதிர்மனுவை எழுதியது அவருடைய ஜூனியர். வீரமலை பக்கத்திலேயே உட்கார்ந்து, இதையும் போடுங்க, அதையும் போடுங்க என்று சொல்லச் சொல்ல எழுதியது. அமிர்தசாமி அதை அதுவரை படித்ததில்லை. ஜூனியர் எழுதியதைக் கோர்ட்டிலேயே முதல் தடவையாகப் படிப்பது புதுமெருகு குறையாமல் இருக்கும் என்பது அவர் அனுபவம்.

"பிரதிவாதிக்குக் காமாலை என்பது கலப்படமற்ற பொய்!" என்று படிக்க ஆரம்பித்தார். "அவர் அந்த நாலு மாதமும் திடகாத்திரமாக இருந்தார். அவர் கண்ணில் கடுகளவு மஞ்சள் கிடையாது. இதை நான் நேரில் அறிவேன். ஏனென்றால் ஐப்பசி பத்தாம் தேதி முதல் இருபத்துமூன்று நாள், எனக்கே மஞ்சள் காமாலை கண்டு, தினமும் காலை ஐந்து மணிக்குப் பிரதிவாதியிடம் போய் அவர் கையால் மருந்து சாப்பிட்டேன்."

கோர்ட்டில் ஒரு சலசலப்பு. பிச்சமுத்து அதைத் தமிழில் காதோடு சொன்னதும் ஹக்கீம் தலையைக் குனிந்துகொண்டார். வந்தது உண்மைதான். வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே, துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு வீரமலை வரிசையில் வந்து நின்றார். இருவருக்கும் பேச்சு வார்த்தை இல்லை. அவர் வாயைத் திறப்பார், இவர் உருண்டையைப் போடுவார். ஒருநாள் காலையில் அப்படி மருந்து கொடுத்து, அன்றே பகல் பதினொரு மணிக்கு இதே கோர்ட்டு வாசலில் இருவரும் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றார்கள். நோயாளி விஷயத்தை வெளியே சொல்லக் கூடாது என்று ஹக்கீம் ரஷீதாவிடம்கூட இதைச் சொன்னதில்லை.

அமிர்தசாமி உற்சாகமாகப் படித்துக்கொண்டு போனார். "நான் மட்டுமல்ல. ஒவ்வொரு நாளும் என்னோடு அறுபது பேர் அந்தச் சந்தின் வழியாகத்தான் வந்து போனார்கள். பிரதிவாதியின் தகப்பனார் காலம் தொட்டு, முப்பது வருஷத்துக்கு மேலாக, நோயாளிகள் வழக்கமாக..."

மணியோசை இங்கே கொஞ்சம் இறங்கிற்று.

"...வழக்கமாக அந்தச் சந்தில்தான்..."

இன்னும் இறங்கிற்று. அவர் கண் குரலுக்கு முன்னால் ஓடி அடுத்த வரியைப் பார்த்துவிட்டது.

முன்சீப் எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்தார். அந்தக் கோர்ட்டில் அவர் முகத்தை முழுதாகப் பார்த்தவர்கள் அன்றைக்குத்தான் பார்த்தார்கள்.

"கடைசி வரியை இன்னொரு தடவை படியுங்கள்."

"யுவர் ஆனர், இது... சாதாரண விவரம்..."

"படியுங்கள்."

படித்தார். பக்கத்தில் நிற்கிறவருக்கு மட்டும் கேட்டிருக்கும்.

முன்சீப் பிராதைப் புரட்டினார். "உங்கள் பிராது நாலாவது பாராவில் வாதி, அந்தச் சந்தில் தன் ஆட்களைத் தவிர மனுஷர் யாரும் கால் வைத்ததே இல்லை என்று சத்தியம் பண்ணியிருக்கிறார். இதில் முப்பது வருஷமாக தினம் அறுபது பேர் என்று சத்தியம் பண்ணியிருக்கிறார். இரண்டு சத்தியத்தில் எதைக் கோர்ட்டு எடுத்துக்கொள்வது?"

வீரமலைக்கு இங்கிலீஷ் தெரியாது. எல்லோரும் தன்னையே பார்ப்பதைக் கண்டு, வழக்கு நன்றாகப் போகிறது என்று புன்னகை செய்தார்.

முன்சீப் ஹக்கீமைக் கூப்பிட்டார். தமிழிலேயே கேட்டார். "உங்களுக்குக் காமாலை வந்ததா?"

"இல்லீங்க. எனக்கு வந்ததே இல்லீங்க. எதிராளி சொன்னதுதான் நிஜம்."

"பின்னே ஏன் பதில் போடவில்லை?"

"பதில் ஆவணியிலேயே தயாருங்க. ஐயா மெருகு போட்டுக்கிட்டு இருந்தாங்க."

ஐயங்கார் தன் தலைப்பாகையைச் சரிசெய்தார். அது சரியாகத்தான் இருந்தது.

முன்சீப் உத்தரவைச் சொன்னார். பிரதிவாதிக்குக் காமாலையும் இல்லை, தாமதத்தில் அவர் தப்பும் இல்லை. அந்த வியாதி ஒரு குமாஸ்தாவின் தகரப் பெட்டியிலிருந்து வந்தது என்று கோர்ட்டுக்குத் தெரியும். அந்தப் பெட்டியை இனி இங்கே திறந்தால் நானே சர்டிபிகேட் கொடுக்க வேண்டியிருக்கும். எக்ஸ்பார்ட்டி தீர்ப்பு ரத்து. பதில் வாக்குமூலம் இன்றைக்கே, இப்போதே, மெருகு எந்த அளவில் நிற்கிறதோ அப்படியே தாக்கல் செய்யப்பட வேண்டும்.

பிச்சமுத்து ஓடிப்போய்க் கொண்டுவந்து கொடுத்தான். மூன்று பக்கம். ஆவணியில் அடித்ததே. 'அடியோடு'வை மட்டும் மார்கழியில் ஐயங்கார் பேனாவால் கோடிட்டு நீக்கியிருந்தார்.

அமிர்தசாமி எழுந்து, வாதி தரப்பில் யோசிக்க ஒரு வாய்தா வேண்டும் என்று கேட்டார்.

"ஆட்சேபிக்கிறேன்!" என்று துள்ளி எழுந்தார் வகுளபூஷணம் ஐயங்கார். "இப்படி வாய்தா வாய்தாவாக இழுத்தடிப்பதை எங்கள் தரப்பு வன்மையாக ஆட்சேபிக்கிறது!"

முன்சீப் மறுபடி குனிந்து எழுத ஆரம்பித்தார். அவர் தோள் மட்டும் குலுங்கிற்று.

வெளியே வராந்தாவில் வீரமலைக்கு விஷயம் தமிழில் சொல்லப்பட்டது. "பொய்யை உடைக்கணும்னா விவரமா சொல்லணும்னு உங்க ஜூனியர்தானே சார் சொன்னாரு? நிஜத்தைச் சொன்னது தப்பா?" என்று அவர் கத்தியது கேட்டது. "இருபத்துமூணு நாள் எதுக்குய்யா போனீங்க?" என்று அமிர்தசாமி பதிலுக்குக் கத்தினார். "போகாம சாகச் சொல்றீங்களா?" என்றார் வீரமலை. ஹக்கீமுக்கு அதைக் கேட்டு ஒரு நிமிஷம் அவர்மேல் பிரியமாகவே இருந்தது.

பங்குனி வாய்தாவில், வழக்கை நடத்த விருப்பமில்லை என்று வாதியே எழுதிக் கொடுத்துவிட்டார். தள்ளுபடி. சந்து பழையபடி ஐந்தடி.

"பாத்தீரா ஓய்?" என்றார் ஐயங்கார், படி இறங்கும்போது, பத்துப் பேர் காதில் விழும்படி. "முதல் வாய்தாவிலேயே பதிலைப் போட்டிருந்தா அவனுக்குக் காமாலை வர்றதுக்கு அவகாசம் இருந்திருக்குமா? மனுவுக்குப் பதில் போடறேன்னு இப்படி வந்து மாட்டிண்டிருப்பானா? எல்லாம் கணக்குப் பண்ணித்தான் தாமதிச்சேன்."

ஹக்கீம் மறுத்துச் சொல்ல வாயெடுத்தார். யோசித்துப் பார்த்தால் அதில் மறுக்க ஒன்றும் இல்லை. அதுதான் அவருக்கு எரிச்சலாக இருந்தது. எரிச்சலையும் மீறி உடம்பு லேசாகி, எட்டு மாதத்தில் முதல் தடவையாகப் பசித்தது. "அல்ஹம்துலில்லாஹ்" என்றார், பொதுவாக.

பிச்சமுத்து கூடவே வந்தான். "மன்னிச்சுடுங்க பாய். தீர்ப்பு நகலுக்கு நானே மனுப் போட்டு வாங்கித் தரேன்."

"தீர்ப்பு எனக்கு வேண்டாம் தம்பி. வீரமலை போட்டாரே எதிர்மனு, அதுக்கு ஒரு நகல் வாங்கிக் குடு. கோர்ட்டு முத்திரை நல்லா தெரியணும்."

சித்திரை பிறந்து இரண்டாம் வாரம், அந்த நகல் கண்ணாடிச் சட்டம் போட்டு, ஹக்கீம் உட்காரும் பாய்க்கு மேலே சுவரில் மாட்டப்பட்டது. எல்லாம் இங்கிலீஷ். வரிசையில் நின்ற நாற்பது பேருக்கும் முத்திரை மட்டும் புரிந்தது. கிராப்பட்டிப் பள்ளிக்கூடத்து வாத்தியார் தைரியராஜ் அன்று கண் மஞ்சளாக வந்திருந்தார். ஹக்கீம் அவரை முன்னால் அழைத்து, படித்து எல்லோருக்கும் தமிழில் சொல்லும்படி கேட்டுக்கொண்டார்.

"இவர் திடகாத்திரமாக இருந்தார்னு போட்டிருக்குங்க. கண்ணில் கடுகளவு மஞ்சள் கிடையாதுன்னு போட்டிருக்கு. எழுதினவர் பேர் வீரமலை."

"எந்த வீரமலை?" என்று பின்னாலிருந்து ஒருவர் கேட்டார்.

"முன்னாடி இருக்கிற ஜவுளிக் கடைக்காரர்தான்" என்றார் ஹக்கீம். "அந்தக் கடுகு வரியை மட்டும் இன்னொரு வாட்டி நிதானமா படிச்சிடுங்க சார்."

வாத்தியார் படித்தார். ஹக்கீம் பிஸ்மி சொல்லி உருண்டையை எடுத்தார்.

"ம், வாயைத் திறங்க."